நல்லதங்காளின் கதவு

அர்ச்சுனாபுரம் வத்திராயிருப்புக்குப் பக்கத்து ஊர். வ. புதுப்பட்டியிலிருந்து சைக்கிளிலேயே போய் வந்துவிடலாம். நல்லதங்காள் பிறந்த ஊர் என்று கதை சொல்வது இந்த ஊரைத்தான். அவளுக்கு அங்கே கோயில் இருக்கிறது. மேற்கே சதுரகிரி மலை, அடிவாரத்தில் தென்னையும் மாவும், கீழே கண்மாய்ப் பாசனத்தில் நெல்வயல். பஞ்சக் கதை ஒன்றுக்கு இவ்வளவு பச்சையான இடமா என்று வெளியூர்க்காரருக்குத் தோன்றலாம். கதையைக் கவனித்துக் கேட்டால் இடப்பொருத்தம் புரியும். பஞ்சம் வந்தது மானாமதுரையில். அர்ச்சுனாபுரத்தில் நெல் இருந்தது. நெல் இருந்த வீட்டின் கதவு அடைபட்டதுதான் கதை.

நல்லதங்காளை மானாமதுரைக் காசிராஜனுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். ஏழு பிள்ளைகள் பிறந்தன. பன்னிரண்டு வருஷம் மழை பெய்யவில்லை. இருந்ததையெல்லாம் விற்றுத் தின்று தீர்ந்த பிறகு, அண்ணன் நல்லதம்பி இருக்கிறான் என்ற நம்பிக்கை ஒன்றுதான் மிச்சம். பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு நடக்கிறாள். அண்ணன் வேட்டையில் இருக்கிறான். மதினி மூளி அலங்காரி இவர்கள் வருவதைப் பார்த்துவிட்டுக் கதவைச் சாத்துகிறாள். கற்பின் பலத்தால் கதவு திறக்கிறது என்று பாட்டு சொல்லும். ஆனால் திறந்த கதவுக்குப் பின்னாலும் சோறு கிடைக்கவில்லை. ஓட்டைப் பானையும் ஈர விறகும்தான் கிடைத்தன. அதற்குப் பிறகு பிள்ளைகளோடு பாழுங்கிணறு. அந்த இடத்தில் பாட்டு நீண்டுகொண்டே போகும். கேட்கிறவர்கள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொள்வார்கள்.

விக்டோரியா காலத்து நாவல்களிலும், இருண்ட மாளிகைகளும் பூட்டிய அறைகளும் வரும் கோதிக் கதைகளிலும் பிரியம் உள்ளவர்கள், அடுத்து எதைப் படிக்கலாம் என்று கேட்கும்போதெல்லாம் எனக்கு இந்தக் கதவு நினைவுக்கு வருகிறது. அந்த நாவல்களின் பயம் எங்கிருந்து வருகிறது என்று யோசித்துக்கொண்டே போனால் கடைசியில் ஒரு வீட்டு வாசலில் போய் நிற்கிறோம். வீடு யாருக்குச் சொந்தம்? உள்ளே யாரை விடலாம்? யார் வெளியே நிற்கவேண்டும்? உள்ளே வந்தவள் திரும்பிப் போக முடியுமா? பேய் இந்தக் கேள்விகளுக்குப் பின்னால்தான் வருகிறது. நல்லதங்காள் கதை கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த நாவல்களைப் படிக்க இங்கிலாந்தின் குளிரும் பனியும் பழகவேண்டிய அவசியமில்லை. வாசல் அவர்களுக்கு ஏற்கெனவே தெரியும்.

காலமும் ஒன்றுதான். 'பெரிய எழுத்து நல்லதங்காள் கதை' புகழேந்திப் புலவர் பெயரில் அச்சாகிச் சந்தைகளிலும் திருவிழாக் கடைகளிலும் விற்றது. எழுத்துத் தெரிந்த ஒருவர் ராகம் போட்டு வாசிக்க, மற்றவர்கள் சுற்றி உட்கார்ந்து கேட்டார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் தாது வருஷப் பஞ்சம் வந்தது. 1876 முதல் 1878 வரை நீடித்த அந்தப் பஞ்சத்தில் ஐம்பது லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள் என்பது கணக்கு. சென்னை மாகாணத்தில் ஜனங்கள் செத்துக்கொண்டிருந்தபோது, 1877 ஜனவரி 1 அன்று, டெல்லி தர்பாரில் விக்டோரியா இந்தியாவின் பேரரசி என்று அறிவிக்கப்பட்டார். நிவாரண வேலைக்கு வந்த ஆண் ஒருவருக்கு நாள் கூலியாக ஒரு ராத்தல் தானியமும் ஓர் அணாவும் போதும் என்று பிரிட்டிஷ் அதிகாரி சர் ரிச்சர்ட் டெம்பிள் நிர்ணயித்தார். ஒரு ராத்தல் என்றால் 450 கிராம் சொச்சம். நாள் முழுக்க மண் சுமந்தவனுக்கு அது. அந்த வருஷங்களைத் தாண்டி உயிரோடு வந்த ஜனங்களின் காதில் நல்லதங்காள் கதை பழங்கதையாக விழுந்திருக்காது. விக்டோரியா காலம் என்று நாம் சொல்லும் காலத்துக்குள் நம்முடைய தாது வருஷமும் அடக்கம். அந்த நாவல்களை நாம் வேற்றூர்ச் சரக்காகப் பார்க்க வேண்டியதில்லை.

புதிதாகத் தொடங்குகிறவர்களுக்கு நான் முதலில் கொடுப்பது எலிசபெத் கேஸ்கெல் எழுதிய 'தி ஓல்ட் நர்ஸஸ் ஸ்டோரி'. நாவல் அல்ல, ஒரே இரவில் படித்துவிடக்கூடிய நீண்ட கதை. சார்லஸ் டிக்கன்ஸ் நடத்திய 'ஹவுஸ்ஹோல்ட் வேர்ட்ஸ்' பத்திரிகையின் 1852 கிறிஸ்துமஸ் இதழில் வந்தது. தாய் தகப்பன் இல்லாத ஒரு சிறுமியைத் தாதி ஒருத்தி பழைய மாளிகைக்குக் கூட்டிக்கொண்டு வருகிறாள். குளிர்கால இரவுகளில், உள்ளே உடைந்து கிடக்கும் ஆர்கன் தானாக வாசிக்கிறது. வெளியே பனியில் ஒரு குழந்தை நின்று ஜன்னலைத் தட்டுகிறது. அது கை ஓங்கித் தட்டுவது தெரிகிறது, சத்தம் மட்டும் வரவில்லை. பல வருஷங்களுக்கு முன்னால் அந்த வீட்டுப் பெரியவர் தன் சொந்த மகளையும் பேத்தியையும் பனிக்குள் துரத்தியிருக்கிறார். காட்டிக்கொடுத்தவள் கூடப்பிறந்த தங்கை. அவள் இன்னும் அதே வீட்டில், கிழவியாக, தையல் வேலை செய்துகொண்டு உட்கார்ந்திருக்கிறாள். கதையின் முடிவை மாற்றும்படி டிக்கன்ஸ் கேட்டார். ஆவிகள் குழந்தையின் கண்ணுக்கு மட்டும் தெரிந்தால் போதும் என்பது அவர் யோசனை. கேஸ்கெல் சம்மதிக்கவில்லை. அந்த வீட்டில் இருந்த எல்லோரும் அதைப் பார்க்கவேண்டும் என்று அவர் முடிவுசெய்தது சரி. ஒரு வீடு கூட்டாகச் செய்த காரியத்தை ஒருவர் மட்டும் பார்த்தால் போதாது.

அடுத்து 'ஜேன் அயர்'. ஷார்லட் பிரான்டே எழுதி 1847 அக்டோபரில் வெளிவந்தது. எல்லோரும் பேசுவது தார்ன்ஃபீல்டு மாளிகையின் மூன்றாம் மாடியில் அடைத்து வைக்கப்பட்ட, மாளிகைக்காரனின் மனைவி பெர்த்தாவைப் பற்றி. பேசவேண்டியதுதான். நான் நிற்கும் இடம் அதற்கு அப்புறம் வருகிறது. மாளிகைக்காரனோடு நடக்கவிருந்த கல்யாணம் நின்றுபோன பிறகு ஜேன் அந்த மாளிகையை விட்டு ராத்திரியோடு ராத்திரியாகக் கிளம்புகிறாள். கையிலிருந்த காசு வண்டிக்கூலிக்குப் போய்விட்டது. மூட்டையை வண்டியிலேயே மறந்துவிடுகிறாள். பசி. கழுத்துக் கைக்குட்டையையும் கையுறையையும் வைத்துக்கொண்டு ஒரு ரொட்டி தரச் சொல்லிக் கேட்கிறாள், கிடைக்கவில்லை. பன்றிக்குப் போடப் போன ஆறிய கஞ்சியை வாங்கிக் குடிக்கிறாள். கடைசியில் மழையில் ஒரு வீட்டு ஜன்னல் வழியாகப் பார்க்கிறாள்; உள்ளே கணப்பு அடுப்பின் வெளிச்சத்தில் இரண்டு பெண்கள் புத்தகம் படித்துக்கொண்டிருக்கிறார்கள். வேலைக்காரி கதவைச் சாத்தித் தாழ் போடுகிறாள். படியிலேயே சாகத் தயாராகிறவளை, பின்னாலிருந்து வந்த அந்த வீட்டு மகன் உள்ளே கூட்டிக்கொண்டு போகிறான்.

பின்னால்தான் தெரியவருகிறது, அந்த வீட்டில் இருப்பவர்கள் ஜேனின் அப்பாவுடைய சகோதரி பிள்ளைகள் என்று. நம் கணக்கில் அத்தை மக்கள். உள்ளே கூட்டிப்போன செயின்ட் ஜான் அவளுக்கு முறைப்பையன். மதபோதகனாக இந்தியாவுக்குப் போக ஆயத்தமாகும் அவன் அவளைக் கட்டிக்கொள்கிறேன் என்கிறான், அவள் மறுக்கிறாள். மெடீராவில் இருந்த சித்தப்பா விட்டுப்போன 20,000 பவுண்டு அவள் கைக்கு வரும்போது, அத்தை மக்கள் மூவரோடும் தலைக்கு 5,000 என்று பங்கு போட்டுக்கொள்கிறாள். ஆங்கில வாசகர்கள் இந்தப் பங்கு பிரிப்பைக் கதையின் ஓரத்தில் வைத்துப் பார்ப்பதுண்டு. அண்ணன் தம்பிக்குள் வரப்புச் சண்டை பார்த்து வளர்ந்த நமக்கு அது ஓரமாகத் தெரியாது. தன்னை வெளியே தள்ளிய வாசலுக்குச் சொத்தோடு திரும்பி வந்தவள் அதை நாலாகப் பிரிக்கிறாள். இந்த நாவலில் நடக்கும் எல்லாத் தீ விபத்துகளையும்விடப் பெரிய சம்பவம் அதுதான் என்பது என் துணிபு.

அதே 1847 டிசம்பரில் தங்கை எமிலியின் 'வுதரிங் ஹைட்ஸ்' வந்தது. ஆடி மாதத்தில் மலையிலிருந்து இறங்கும் காற்று வீட்டு ஓட்டை இரவெல்லாம் அசைத்துக்கொண்டிருக்கும் ஊர்க்காரர்கள் இந்த நாவலைப் படிக்கவேண்டிய மாதம் ஆடிதான். முதல் சில அத்தியாயங்களிலேயே ஜன்னல் வந்துவிடுகிறது. இருபது வருஷமாக வெளியே அலைவதாகச் சொல்லும் ஒரு சிறுமியின் கை உடைந்த கண்ணாடி வழியாக உள்ளே வருகிறது. உள்ளே விடச் சொல்லிக் கெஞ்சுகிறது. உள்ளே படுத்திருப்பவன் பயத்தில் செய்யும் கொடுமையை எமிலி தயங்காமல் எழுதுகிறார். அந்தக் கதாபாத்திரம் கொடியவன் அல்ல. நகரத்திலிருந்து வந்த, படித்த, நாகரிகமான மனிதன். பயந்த நல்லவன் எவ்வளவு தூரம் போவான் என்பதைக் காட்ட அந்த ஒரு பக்கம் போதும்.

ஹீத்கிளிஃபும் வாசலில் வந்தவன்தான். பெரியவர் எர்ன்ஷா லிவர்பூலுக்கு அறுபது மைல் நடந்து போய், தெருவில் பட்டினி கிடந்த பையனைக் கோட்டுக்குள் சுற்றி எடுத்துக்கொண்டு வருகிறார். வீடு அவனை உள்ளே விட்டது, ஆனால் வீட்டுப் பிள்ளையாக ஏற்கவில்லை. அவன் வளர்ந்த பிறகு செய்யும் பழிவாங்கலுக்குக் கத்தி தேவைப்படவில்லை. பத்திரம் போதும். சூதாடியின் நிலத்தை அடமானத்தில் பிடிக்கிறான். அடுத்த வீட்டுச் சொத்தைத் தன் மகனின் கல்யாணத்தின் மூலம் பிடிக்கிறான். சி. பி. சாங்கர் என்ற வழக்கறிஞர் 1926-ல் இந்த நாவலின் வம்சாவளியையும் சொத்துச் சட்டத்தையும் வரிக்கு வரி சரிபார்த்து, எமிலி கணக்குத் தப்பாமல் எழுதியிருக்கிறார் என்று காட்டினார். இரண்டாவது தலைமுறைக் கேதரின் முதலில் கட்டிக்கொள்வது அத்தை மகனை. அவன் செத்த பிறகு கட்டிக்கொள்ளப்போவது மாமன் மகனை. மேற்கத்திய வாசகர்களுக்கு மூச்சுமுட்டும் இந்த உறவுமுறை நமக்குத் தெளிவாகப் புரிகிறது. சொத்து வெளியே போகக்கூடாது என்பதற்காக நடந்த கல்யாணங்களின் மூன்றாம் தலைமுறைப் பிள்ளைகள் இந்தப் பக்கத்து ஊர்களிலும் இருக்கிறார்கள்.

இந்தச் சகோதரிகள் மரணத்தைக் கற்பனையில் தேடவில்லை. அவர்கள் வாழ்ந்த ஹாவொர்த் ஊரைப் பற்றி 1850-ல் வந்த சுகாதார அறிக்கை, அங்கே பிறக்கும் பிள்ளைகளில் 41 சதவீதத்துக்கும் மேல் ஆறு வயதுக்குள் இறந்துவிடுவதாகச் சொல்கிறது. குடிதண்ணீர் அசுத்தம். அவர்கள் வீட்டு வாசலுக்கு எதிரே கல்லறைத் தோட்டம். எமிலி 30 வயதில் இறந்தார், இன்னொரு சகோதரி ஆன் 29 வயதில், ஷார்லட் 38 வயதில்.

இங்கே ஒரு கேள்வி எழுகிறது. வெளியே நிற்பவளின் பக்கம் நின்று அழுவது சுலபம். கதவைச் சாத்தியவளை என்ன செய்வது? நம் பாட்டில் அலங்காரிக்கு விடை ஏற்கெனவே தயாராக இருக்கிறது. அவள் பெயரிலேயே 'மூளி' இருக்கிறது. அவள் கெட்டவள், தண்டனை அடைந்தாள், கதை முடிந்தது. அதற்கு மேல் பாட்டு அவளைப் பார்ப்பதில்லை.

தாமஸ் ஹார்டியின் 'தி ரிட்டர்ன் ஆஃப் தி நேட்டிவ்' நாவலை நான் வற்புறுத்திச் சிபாரிசு செய்வது இதற்காகத்தான். 1878-ல், தாது வருஷப் பஞ்சம் முடியும் தறுவாயில், 'பெல்கிரேவியா' என்ற லண்டன் மாத இதழில் பன்னிரண்டு மாதம் தொடராக வந்தது. ஆறு பாகங்களில் நான்காம் பாகத்துக்கு ஹார்டி வைத்த பெயரே மூடிய கதவு. தன் விருப்பத்துக்கு மாறாக மகன் கிளிம் கல்யாணம் கட்டிக்கொண்டதால் பகையாகிப்போன தாய், சமாதானமாகிவிடலாம் என்று ஆகஸ்ட் வெயிலில் பொட்டல்காட்டில் நடந்து மகன் வீட்டுக்கு வருகிறாள். மகன் முள்செடி வெட்டிய களைப்பில் தூங்குகிறான். உள்ளே மருமகள் யூஸ்டேசியாவோடு வேறொருவன் பேசிக்கொண்டிருக்கிறான். கதவு தட்டப்படுகிறது. அவள் ஜன்னல் வழியே எட்டிப் பார்க்கிறாள். தாய் அந்த முகத்தைப் பார்த்துவிடுகிறாள். கதவு திறக்கவில்லை. கணவன் விழித்துக்கொண்டு திறந்துவிடுவான் என்று யூஸ்டேசியா நினைத்துவிட்டாள். அவள் வந்து திறக்கும்போது வாசலில் யாரும் இல்லை. மகனே தன்னை வெளியே தள்ளிவிட்டான் என்று நம்பியபடி திரும்பிப் போகும் தாய் வழியில் பாம்பு கடித்து இறக்கிறாள்.

ஹார்டி வாசலின் இரண்டு பக்கமும் நிற்கிறார். யூஸ்டேசியாவை நியாயப்படுத்தவில்லை, ஆனால் அவள் ஏன் அந்த ஊரில் மூச்சுத்திணறினாள், எதற்கு ஆசைப்பட்டாள், அந்த ஐந்து நிமிஷத்தில் என்ன பயந்தாள் என்று எல்லாவற்றையும் சொல்கிறார். கடைசியில் அவளும் தண்ணீரில்தான் முடிகிறாள். இந்த நாவலைப் படித்துவிட்டு நல்லதங்காள் கதையைத் திரும்பக் கேட்டால் அலங்காரி வேறு மாதிரித் தெரிகிறாள். பன்னிரண்டு வருஷப் பஞ்சத்தில் எட்டு வயிறுகள் நடந்து வருகின்றன. வீட்டு நெல்லின் சாவி அவள் இடுப்பில் இருக்கிறது, ஆனால் நெல் அவளுடையதில்லை. அவளும் வேறொரு வீட்டிலிருந்து வந்தவள். நாளை அவளுக்குக் கஷ்டம் வந்தால் எந்த வாசலில் போய் நிற்பாள்? அவள் செய்தது கொடுமைதான். அதில் மாற்றம் இல்லை. அந்தக் கொடுமையை ஒரு கெட்ட பொம்பளையின் குணம் என்று எழுதி முடிக்கும்போது, வேட்டைக்குப் போயிருந்தவனும் அவன் வீட்டு ஏற்பாடும் கேள்விக்கு வெளியே தப்பிவிடுகின்றன. ஜீன் ரீஸ் 1966-ல் 'வைட் சர்காஸோ ஸீ' என்ற நாவலில், 'ஜேன் அயர்' மாடியில் பூட்டிவைத்த பெர்த்தாவின் பக்கத்துக் கதையை எழுதினார். ஜமைக்காவிலிருந்து 30,000 பவுண்டு சீதனத்தோடு கொண்டுவரப்பட்ட ஒரு பெண் எப்படிப் பைத்தியம் என்ற பெயரோடு பூட்டப்பட்டாள் என்ற கதை அது. அலங்காரியின் பக்கத்தை அப்படியொரு தமிழ் நாவலில் படிக்க நான் ஆசைப்படுகிறேன். எழுதப்போகிறவர் இந்த மண்ணிலிருந்தே வரவேண்டும்.

வெளியே நிற்பவரின் கதைகளுக்கு மறுபக்கமும் உண்டு. உள்ளே விட்டால் என்ன ஆகும் என்ற பயத்தில் எழுதப்பட்ட கதைகள். ஷெரிடன் லெ ஃபானுவின் 'கார்மில்லா' 1872-ல் வந்தது. வண்டி விபத்தில் சிக்கிய இளம்பெண்ணை ஒரு குடும்பம் விருந்தாளியாக வைத்துக்கொள்கிறது. வீட்டுப் பெண்ணின் ரத்தம் குறையத் தொடங்குகிறது. பிராம் ஸ்டோக்கரின் 'டிராகுலா' 1897-ல் வந்தது. அந்த இரத்தக்காட்டேரி, வீட்டு ஆள் ஒருவர் ஒருமுறை அழைத்தாலொழிய எந்த வீட்டுக்குள்ளும் நுழைய முடியாது. கிழக்கிலிருந்து கப்பலேறி லண்டனுக்கு வரும் அந்நியன் மேல் ஒரு பேரரசுக்கு இருந்த பயம் அந்த நாவலில் ஊறிக்கிடக்கிறது. இவற்றை நான் ஒதுக்கச் சொல்லவில்லை. வேகமும் திகிலும் அபாரம். எமிலியையும் கேஸ்கெல்லையும் படித்த பிறகு படிக்கவேண்டும். அப்போதுதான் வாசலில் நிற்பவரை அரக்கராக்க ஒரு சமூகத்துக்கு ஏன் தேவை வருகிறது என்று கேட்கத் தோன்றும்.

புதுமைப்பித்தனுக்கு இந்த இரண்டு பக்கமும் தெரிந்திருந்தன. மேரி ஷெல்லியின் 'ஃபிராங்கன்ஸ்டைன்' நாவலை அவர் 'பிரேத மனிதன்' என்று தமிழில் தந்தார். 1818-ல் வந்த அந்த நாவல், விக்டோரியா பட்டத்துக்கு வருவதற்கு முன்னாலேயே, பின்னால் வந்த எல்லாவற்றுக்கும் வழி வகுத்தது. அதுவும் பசியின் வருஷத்தில் பிறந்ததுதான். 1815-ல் இந்தோனேசியாவின் தம்போரா எரிமலை வெடித்ததால் 1816-ல் ஐரோப்பாவில் கோடையே வரவில்லை, பயிர் பொய்த்தது. அந்த மழைக்காலக் கோடையில் ஜெனீவா ஏரிக்கரை வீடொன்றில் 18 வயதுப் பெண் எழுதத் தொடங்கிய கதையில், படைக்கப்பட்ட உயிர் ஓர் ஏழைக் குடும்பத்தின் குடிசைக்குப் பக்கத்துக் கொட்டிலில் ஒளிந்திருந்து, சுவர் விரிசல் வழியாக அவர்களைப் பார்த்தே பேசக் கற்றுக்கொள்கிறது. கண் தெரியாத கிழவரிடம் மட்டும் போய்ப் பேசுகிறது. கிழவர் அதை மனிதனாகவே நடத்துகிறார். கண் தெரிந்தவர்கள் வந்ததும் அடித்து விரட்டுகிறார்கள். அதற்கு முன்னால் அது யாரையும் கொன்றதில்லை. புதுமைப்பித்தனின் சொந்தக் கதையான 'காஞ்சனை'யில் பிச்சை கேட்டு வந்த பெண்ணை வீட்டுக்காரி இரக்கப்பட்டு வேலைக்கு வைத்துக்கொள்கிறாள். பயம் அங்கிருந்து தொடங்குகிறது. 'பிரேத மனிதன்', 'காஞ்சனை' இரண்டையும் ஒரே வாரத்தில் படித்தால், தமிழில் இந்த வகை எழுத்து எந்த உயரத்துக்குப் போயிருக்கிறது என்று தெரியும்.

வில்கி காலின்ஸின் இரண்டு நாவல்கள் இந்தப் பட்டியலில் கட்டாயம். 1868-ல் வந்த 'தி மூன்ஸ்டோன்' ஸ்ரீரங்கப்பட்டணத்தில் தொடங்குகிறது. 1799 மே 4 அன்று கோட்டை விழுந்த நேரத்தில் ஆங்கில அதிகாரி ஒருவன் கொலை செய்து எடுத்துக்கொண்டு போகும் வைரம், ஐம்பது வருஷம் கழித்து ஓர் ஆங்கிலக் குடும்பத்தைக் குலைக்கிறது. திப்புவின் கோட்டை விழுந்த அதே வருஷம் கம்பெனிப் படை தெற்கத்திப் பாளையங்கள் மேல் திரும்பியது. அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் கட்டபொம்மன் தூக்கிலிடப்பட்டார். சேத்தூர், சிவகிரி, கொல்லங்கொண்டான், சாப்டூர் என்று பாளையங்கள் சூழ்ந்த நிலத்தில் வாழ்கிறவர்கள் இந்த நாவலைத் துப்பறியும் கதையாக மட்டும் படிக்க முடியாது. மாளிகைக்குள் இருக்கும் பேய், வெளியூரில் கொள்ளையடித்துக் கொண்டுவந்த பொருளின் வடிவத்திலும் வரும் என்று ஓர் ஆங்கிலேயரே எழுதி வைத்திருக்கிறார்.

கடைசியாகப் படிக்கவேண்டியது ஹார்டியின் 'ஜூட் தி அப்ஸ்க்யூர்', 1895. மனம் திடமாக இருக்கும் காலத்தில் மட்டும் எடுக்கவேண்டும். கல்விக் கனவோடு வந்த ஊரில் ஒரு குடும்பத்துக்குத் தங்க இடம் கிடைக்கவில்லை. வாடகைக்கு விடுகிறவர்கள் வாசலிலேயே திருப்பி அனுப்புகிறார்கள். பிள்ளைகள் அதிகம் என்பதும் ஒரு காரணம். அதற்குப் பிறகு அந்தப் பிள்ளைகளுக்கு நேர்வதை நான் இங்கே எழுதவில்லை. நல்லதங்காள் கதை கேட்டவர்களுக்கு அந்த அத்தியாயத்தைத் தாங்கும் நெஞ்சு கொஞ்சம் இருக்கும். கேட்காதவர்களுக்குத் துணைக்கு ஆள் வேண்டும்.

நம் பக்கத்து வழக்கத்துக்கும் அந்த நாவல்களுக்கும் ஒரு பெரிய வித்தியாசம் இருக்கிறது. அங்கே அநியாயமாகச் செத்தவள் ஜன்னலைத் தட்டிக்கொண்டு அலைகிறாள். நாம் அவளைச் சாமியாக்கி விளக்கேற்றுகிறோம். நல்லதங்காளுக்கு மட்டும் இல்லை. எத்தனையோ வீடுகளில், துர்மரணம் அடைந்த பெண்ணுக்குப் புதுச்சேலை வைத்துக் கும்பிடுகிறார்கள். அதில் இருக்கும் குற்றவுணர்வையும் அன்பையும் நான் மதிக்கிறேன். செத்தவளை மறக்காமல் இருப்பது பெரிய காரியம். ஆனால் படையல் போட்டுவிட்டால் கணக்கு தீர்ந்துவிட்டதாக நினைக்கும் ஆபத்தும் அதில் இருக்கிறது. பிறந்த வீட்டில் அவளுக்கு உரிமை இருந்ததா என்று யாரும் கேட்பதில்லை. நல்லதங்காள் அண்ணன் வீட்டுக்கு வந்தது பங்குக்காரியாக அல்ல, விருந்தாளியாக. சீர் செய்வதும் தாய்மாமன் முறை செய்வதும் அண்ணன் விருப்பம். பஞ்சத்தில் அந்த விருப்பத்தின் மேல் ஏழு பிள்ளைகளின் உயிர் நின்றது.

நாவல் அந்தக் கேள்வியை விடாது. காலின்ஸின் இன்னொரு நாவல் 'தி வுமன் இன் வைட்', 1859-60-ல் தொடராக வந்தது. லாராவுக்கு 20,000 பவுண்டு சொத்து. அதற்காகவே அவளைக் கட்டிக்கொண்ட சர் பெர்சிவல் ஒருநாள் ஒரு பத்திரத்தை மடித்து, கையெழுத்துப் போடும் இடம் மட்டும் தெரியும்படி வைத்து, போடு என்கிறான். என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமல் போடமாட்டேன் என்கிறாள் அவள். அந்தப் பயந்த சுபாவக்காரி வாழ்க்கையில் முதல் தடவையாக எதிர்த்து நிற்பது அங்கேதான். அதற்குப் பிறகு அவளுடைய பெயரையே பிடுங்கிக்கொண்டு அவளைப் பைத்தியக்கார விடுதியில் அடைக்கிறார்கள். இங்கிலாந்தில் கல்யாணமான பெண்ணுக்குத் தன் சொத்தைத் தானே வைத்துக்கொள்ளும் முழு உரிமை 1882 சட்டத்தோடுதான் வந்தது. அதற்கு முந்தைய பத்தாண்டுகளின் கோதிக் நாவல்கள் எல்லாம் அந்தச் சட்டம் இல்லாத வீட்டின் இருட்டில் எழுதப்பட்டவை.

தமிழ்நாட்டில் பூர்விகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான பங்கு என்ற சட்டத்திருத்தம் 1989-ல் வந்தது. நாடு முழுவதும் 2005-ல் வந்தது. சட்டம் வந்த பிறகும் விடுதலைப் பத்திரம் என்று ஒன்று இருக்கிறது. கூடப்பிறந்தவள் பதிவு அலுவலகத்துக்கு வந்து, தன் பங்கை விட்டுக்கொடுத்ததாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு, ஒரு சேலையோடு திரும்பிப் போகிறாள். பிறந்த வீட்டு வாசல் தனக்கு அடைபட்டுவிடக்கூடாது என்ற பயத்தில் அவள் கொடுக்கும் விலை அது. மனமாரக் கொடுப்பவர்களும் உண்டு. படித்துப் பார்க்காமல் போடுகிறவர்கள் அதிகம்.

இந்த நாவல்களில் ஜீன் ரீஸினுடையதைத் தவிர மற்றவற்றின் காப்புரிமை எப்போதோ முடிந்துவிட்டது. நான் சொன்ன விக்டோரியா காலத்துப் புத்தகங்கள் குட்டன்பர்க் திட்டத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. கைபேசியில் ஒரு நாளைக்கு ஓர் அத்தியாயம் என்று போகலாம். பல நாவல்கள் வாரத்துக்கொன்றும் மாதத்துக்கொன்றுமாகத் தொடராக வந்தவைதான்; அந்த வேகம் அவற்றுக்குப் பொருந்தும். ஆங்கிலம் சிரமமாக இருந்தால் கேஸ்கெல்லில் தொடங்கி 'ஜேன் அயர்' வரை வந்தால் போதும், அதற்குள் பழகிவிடும். குறிப்பாக நம் ஊர்ப் பெண்கள் படிக்கவேண்டும் என்று விரும்புகிறேன். லாராவோடு அந்த மேஜை முன்னால் ஒருமுறை உட்கார்ந்து எழுந்தவள், தன் முன்னால் நீட்டப்படும் எந்தத் தாளையும் பிரித்து, முதல் வரியிலிருந்து கடைசி வரிவரை படித்த பிறகே பேனாவை எடுப்பாள். ஒரு நாவலைச் சிபாரிசு செய்ய இதைவிடப் பெரிய காரணம் எனக்குத் தெரியவில்லை.